குவானோ: உரத்தைப் பார்த்துப் பறவையை மறக்கும் தவறுகள்

மாடித்தோட்டம் வைத்திருப்பவர்கள் கையில் இப்போது குவானோ பாக்கெட்டுகள் தென்படுகின்றன. கடற்பறவை எச்சம், வவ்வால் எச்சம் என்று இரண்டு வகையும் விற்கிறது. ‘எச்சம்தானே, மாட்டெரு மாதிரி அள்ளிப் போட்டால் போச்சு’ என்று நினைப்பதுதான் பலரும் செய்கிற முதல் தவறு.

பெரு நாட்டுத் தீவுகளில் எடுக்கும் நல்ல குவானோவில் தழைச்சத்து (நைட்ரஜன்) 10 முதல் 14 சதவீதம் வரை இருக்கும். தொழுவுரத்தில் அது பெரும்பாலும் 1 சதவீதத்தைத் தாண்டாது. இவ்வளவு வீரியமுள்ளதை மிளகாய்ச் செடியின் தண்டை ஒட்டி ஒரு கை போட்டுத் தண்ணீர் ஊற்றினால் முதலில் அமோனியா நெடி மூக்கைத் துளைக்கும். அப்புறம் இலை நுனிகள் பழுப்பேறிச் சுருளும், வேர் கருகும். சிட்டிகைக் கணக்கில் எடுத்து, மக்கிய உரத்தோடு கலந்து, தண்டிலிருந்து தள்ளி மண்ணுக்குள் கிளறிவிடுங்கள். அது போதும்.

பாக்கெட்டைப் பிரித்து மழை படும் இடத்தில் வைப்பது அடுத்த தவறு. பெருவின் குவானோவுக்கு இவ்வளவு வீரியம் வந்ததே மழை இல்லாததால்தான். ஹம்போல்ட் நீரோட்டம் கொண்டுவரும் குளிர்ந்த நீரால் அந்தக் கரையோரம் மழையே காணாத பாலையாகக் கிடக்கிறது. அதே குளிர்நீரில் நெத்திலி வகை மீன்கள் கூட்டம் கூட்டமாக வளர்கின்றன. நீர்க்காகங்களும் பூபி என்ற கடற்பறவைகளும் கூழைக்கடாக்களும் அவற்றைத் தின்று தீவுகளில் எச்சமிட, அது வெயிலில் காய்ந்து அடுக்கடுக்காகச் சேர்ந்தது. மழை பெய்யும் தீவுகளில் தழைச்சத்து கரைந்து ஓடிவிடும். மணிச்சத்துதான் (பாஸ்பரஸ்) பெரும்பாலும் மிஞ்சும். எனவே குவானோ என்று எழுதியிருப்பதெல்லாம் ஒன்றல்ல. வாங்கும்போது சத்து அளவைப் படித்துப் பாருங்கள்.

வவ்வால் எச்சத்தில் வேறொரு ஆபத்து உண்டு. அதில் ஹிஸ்டோபிளாஸ்மா என்ற பூஞ்சை வளரக்கூடும்; தூசியாக மூச்சில் போனால் நுரையீரலைத் தாக்கும். முகக்கவசம் இல்லாமல் கையாளாதீர்கள். இலவசமாகக் கிடைக்கிறதே என்று குகைக்குள் போய்ச் சுரண்டவே வேண்டாம். குட்டி போட்டிருக்கும் பருவத்தில் ஆள் நடமாட்டத்தால் தாய்கள் மிரண்டு பறந்தால் குட்டிகள் கீழே விழுந்து சாகும். வெளிச்சமே எட்டாத குகையில் வாழும் சிறு பூச்சிகளுக்கு அந்த எச்சம்தான் சோறு. அதை வழித்து எடுத்தால் அவையும் பட்டினி கிடக்கும்.

இவையெல்லாம் தோட்டத்து அளவில் நடக்கும் தவறுகள். ஒரு நாடே செய்த தவறு இதைவிடப் பெரியது. குவானோவைச் சுரங்கத்துக் கனிமம் போல நினைத்து வெட்டினார்கள். ஐரோப்பியர் வருமுன் பெருவை ஆண்ட இன்காக்கள் அப்படி நினைக்கவில்லை. முட்டையிடும் பருவத்தில் தீவில் கால் வைத்தவருக்கு மரண தண்டனை இருந்ததாக வரலாற்றாசிரியர் கார்சிலாசோ டெ லா வேகா 1609-இல் எழுதியிருக்கிறார். 1840 முதல் ஐரோப்பியக் கப்பல்கள் பெருவின் சிஞ்சா தீவுகளை மொய்த்தன. பல்லாயிரம் ஆண்டுகளாகச் சேர்ந்த எச்சம் அங்கே சில இடங்களில் 30 மீட்டருக்கு மேல் குவிந்திருந்தது. சீனாவிலிருந்து ஒப்பந்தக் கூலிகளாகக் கொண்டுவரப்பட்டவர்கள் அந்த நெடியிலும் தூசியிலும் வெட்டி வெட்டியே மடிந்தார்கள். 1856-இல் அமெரிக்கா, ஆளில்லாத குவானோ தீவுகளைத் தன் குடிமக்கள் உரிமை கொண்டாடலாம் என்று சட்டமே போட்டது. 1864-இல் ஸ்பெயின் சிஞ்சாவைக் கைப்பற்றியது. இத்தனைக்குப் பிறகு, 1870-களிலேயே சிஞ்சாவின் இருப்பு ஏறக்குறையத் தீர்ந்துபோனது.

1909-இல் பெரு ஒரு அரசு நிறுவனம் அமைத்துத் தீவுகளுக்குக் காவல் போட்டது. பறவைகள் பெருகின. அப்புறம் இன்னொரு தவறு. 1950-களிலிருந்து அதே நெத்திலியை மீன்மாவுக்காக வாரியெடுத்தார்கள். எல் நினோ ஆண்டுகளில் கடல் சூடாகி, மீன் பறவைக்கு எட்டாத ஆழத்துக்குப் போய்விடும். 1972-இல் அதுவும் சேர்ந்துகொண்டது. பறவைகள் கூட்டம் கூட்டமாகப் பட்டினியில் செத்தன. பழைய எண்ணிக்கைக்கு அவை திரும்பவே இல்லை.

ரசாயன உரம் வந்த பிறகு குவானோவின் கதை முடிந்துவிட்டது என்று சிலர் எழுதுகிறார்கள். அதுவும் தவறு. பெருவில் இன்றும் கெட்டிப்பட்ட எச்சத்தைக் கையால் கொத்தி, சல்லடையில் சலித்து, மூட்டை கட்டி முதுகில் சுமக்கிறார்கள். ஒரு தீவில் எடுத்தால் அடுத்த சில ஆண்டுகள் அதைப் பறவைகளுக்கே விட்டுவிடுகிறார்கள்.

எச்சம் என்றால் வெட்டியோ வாங்கியோதான் பயன்படுத்த முடியும் என்று நினைப்பவர்கள் வேடந்தாங்கலுக்கு ஒருமுறை போய்வரலாம். ஆங்கிலேயச் சிப்பாய்கள் அங்கே பறவைகளைச் சுட்டபோது ஊர்க்காரர்கள் செங்கல்பட்டு கலெக்டரிடம் முறையிட்டு, 1798-இல் ஏரிப் பறவைகளைக் காக்கும் உரிமையை எழுதி வாங்கினார்கள். அங்கே யாரும் எச்சத்தை அள்ளுவதில்லை. மரத்திலிருந்து அது ஏரியில் விழுகிறது; மதகைத் திறந்தால் தண்ணீரோடு சேர்ந்து நெல் வயலுக்குப் போகிறது.