விண்வெளி விபத்துச் சதிக்கதையை உரசிப் பார்ப்பது எப்படி?

விண்வெளி விபத்தைப் பற்றி ஒரு சதிக்கதை கைக்கு வந்தால், எடுத்த எடுப்பில் கட்டுக்கதை என்று தள்ளிவிடாதீர்கள். இந்தத் துறையில் மூடி மறைத்தல் நிஜமாகவே நடந்திருக்கிறது. அதனால் முதல் வேலை, உண்மையில் எது மறைக்கப்பட்டது, எப்போது வெளியே வந்தது என்று பார்ப்பதுதான்.

வாலென்டின் போண்டரென்கோவை எடுத்துக்கொள்ளுங்கள். விண்வெளிக்குப் போன முதல் மனிதர் ககாரினோடு தேர்வான சோவியத் விண்வெளி வீரர், வயது 24. 1961 மார்ச் 23 அன்று ஆக்சிஜன் நிறைந்த தனிமை அறையில் பயிற்சியில் இருந்தார். ஸ்பிரிட்டில் நனைத்த பஞ்சை அவர் வீச, அது மின்சார அடுப்பின் மேல் விழுந்து தீப்பிடித்தது; அவர் இறந்துபோனார். 1986 வரை இந்தச் சாவு சோவியத் மக்களுக்கே தெரியாது. ககாரினுக்கு முன்பே விண்வெளியில் ஆட்கள் செத்தார்கள் என்ற கதைக்குத் தீனி போட்டது இந்த மாதிரி மௌனம்தான். ஆனால் மறைத்தது தரையில் நடந்த சாவை. அதை வைத்துக்கொண்டு சுற்றுப்பாதையில் ஒருவரைக் கொல்ல முடியாது.

அடுத்தது ஒலிப்பதிவு. எனக்குப் பிழைப்பே ஒலித்தொகுப்பு என்பதால் இங்கே கொஞ்சம் அதிகம் பேசுவேன். இத்தாலியின் டூரின் அருகே ஜுடிக்கா-கோர்டிலியா சகோதரர்கள், சோவியத் விண்கலங்களை ஒட்டுக்கேட்டதாகச் சொல்லி வெளியிட்ட பதிவுகளில், சூடு தாங்கவில்லை என்று ஒரு பெண் பதறுவதாகச் சொல்லப்படும் பதிவு ரொம்பப் பிரபலம். முதல் தடவை திரையைத் திருப்பி வைத்துவிட்டு, சப்டைட்டில் இல்லாமல் கேளுங்கள். காதில் விழுந்ததை எழுதிவையுங்கள். அப்புறம் சப்டைட்டிலோடு கேளுங்கள். முன்பு வெறும் கரகரப்பாக இருந்த இடமெல்லாம் இப்போது சொற்களாகக் கேட்கும். ரஷ்ய மொழி தெரிந்தவர் கிடைத்தால் அவரிடமும் எழுத்தைக் காட்டாமலே போட்டுக்காட்டுங்கள். 'இரைச்சல் நீக்கிய தெளிவான வடிவம்' என்று யாராவது கொடுத்தால் கூடுதல் உஷார். இரைச்சலை அளவுக்கு மீறிக் குறைத்தால் மிச்சமிருப்பது குழறிக் குழறி ஒலிக்கும். அதில் பேச்சைக் கண்டுபிடிப்பது ரொம்பச் சுலபம்.

பிறகு தூரத்தைக் கணக்குப் போடுங்கள். 1967 ஏப்ரல் 24 அன்று சோவியத் விண்கலம் சோயுஸ்-1 பூமிக்குத் திரும்பியபோது பிரதான பாராசூட் விரியவில்லை, மாற்று பாராசூட்டும் சிக்கிக்கொண்டது. அதில் இருந்த வீரர் விளாதிமிர் கொமரோவ் இறந்தார். விழும்போது அவர் ஆத்திரத்தில் திட்டியதைத் துருக்கியில் இருந்த அமெரிக்க நிலையம் பதிவு செய்தது என்பது கதை. பாராசூட் வேலை செய்யவேண்டியது தரையிலிருந்து சுமார் 10 கிலோமீட்டர் உயரத்தில். அங்கிருந்து நேர்கோட்டில் செல்லும் விஎச்எஃப் ரேடியோ அலை ஏறக்குறைய 400 கிலோமீட்டர் போகும். கலம் விழுந்ததோ ரஷ்யாவின் ஓர்ஸ்க் நகரத்துப் பக்கம்; துருக்கி அங்கிருந்து ஆயிரம் கிலோமீட்டருக்கும் அப்பால். எந்த ஆன்டெனா, எந்த அலைவரிசை என்று கேளுங்கள்.

அமெரிக்க விண்வெளி ஓடம் சேலஞ்சர் பற்றிய கதைக்கு இதே கேள்வியை மின்சாரத்தை வைத்துக் கேட்கலாம். 1986 ஜனவரி 28 அன்று, கிளம்பிய 73 நொடியில் அது சிதறியதும் ஒலிப்பதிவுக் கருவிக்கு மின்சாரம் போய்விட்டது. கடைசியாகப் பதிவானது விமானி மைக்கேல் ஸ்மித்தின் 'ஐயோ' போன்ற ஒரு சொல். அதற்குப் பிறகும் குழுவினர் நிமிடக்கணக்கில் பேசினார்கள் என்று ஓர் உரையாடல் சுற்றுகிறது. என் சித்தப்பா அதை அனுப்பியபோது, "கரண்ட் போன பிறகு எதுல பதிவாச்சு சித்தப்பா?" என்று மட்டும் கேட்டேன். "அது ரகசியக் கருவிடா" என்றார். அவரிடம் அதற்கு மேல் வாதாடவில்லை.

இந்த விஷயத்தில் அதிகாரபூர்வ அறிக்கையைப் படிப்பது வதந்தியைவிடக் கனமானது. இடிபாட்டில் கிடைத்த, மூச்சுவிட உதவும் நான்கு அவசரக் காற்றுக் கருவிகளில் மூன்று இயக்கப்பட்டிருந்தன. வீரர்கள் இருந்த பகுதி கடலில் மோதியது, சிதறி 2 நிமிடம் 45 நொடி கழித்து. அதுவரை நினைவோடு இருந்தார்களா என்பதை உறுதியாகச் சொல்ல முடியவில்லை என்று அறிக்கையே எழுதுகிறது. உங்கள் பதிலிலும் அந்த அளவோடு நிறுத்துங்கள்.

படங்கள் சுலபம். 2003-இல் கொலம்பியா விண்வெளி ஓடம் வெடித்ததைச் செயற்கைக்கோள் எடுத்தது என்று வந்தவை ஒரு திரைப்படக் காட்சிகள். படத்தை வைத்துத் தேடினால் ஒரு நிமிட வேலை.

சேலஞ்சர் குழுவினர் உயிரோடு இருக்கிறார்கள் என்று வரும் முகப்படங்களை மட்டும், மறுப்பதற்காகக்கூட அனுப்பாதீர்கள். அதில் இருப்பவர்கள் பெயரோ முகச்சாயலோ ஒத்துப்போன வேறு மனிதர்கள். வாக்கியத்தில் மறுத்தால் போதும்.