பரிமாணம் மாற்றும் கருவியைக் கதைக்குள் கொண்டுவரும் முன்

அறிவியல் புனைகதை எழுதும் நண்பர்கள் பலர் கைப்பிரதியை அனுப்பி அபிப்பிராயம் கேட்பார்கள். நான்கில் ஒன்றிலாவது ஒரு கருவி இருக்கும், பொத்தானை அழுத்தினால் மேசை மேல் இருக்கும் பொருள் "வேறு பரிமாணத்துக்கு" போய்விடும். எனக்கு அதில் குறையே இல்லை, இப்படி ஒரு கருவி உலகத்தில் கிடையாது என்பதால் யார் எப்படி வேண்டுமானாலும் கட்டலாம். ஆனால் எல்லோரும் ஒரே இடத்தில்தான் வழுக்கி விழுகிறார்கள்.

பரிமாணம் என்பது ஊர் இல்லை, திசை. நீளம், அகலம், உயரம் மாதிரி அதுவும் ஒன்று. "பொருள் நான்காம் பரிமாணத்துக்குப் போனது" என்று எழுதுவது "பந்து உயரத்துக்குக் குடிபோனது" என்று எழுதுவது போல. உங்கள் மனதில் இருப்பது வேறொரு பிரபஞ்சம் என்றால் அப்படியே சொல்லிவிடுங்கள், யாரும் கோபித்துக்கொள்ள மாட்டார்கள். கூடுதல் திசைதான் வேண்டும் என்றால் வாசல் கோலத்தை நினைத்துக்கொள்ளுங்கள். சிக்குக் கோலத்தில் ஒரு புள்ளியைச் சுற்றிக் கோடு மூடியிருக்கிறது. தரையை விட்டு எழும்பவே தெரியாத ஒரு ஜீவனுக்கு அந்தப் புள்ளி சிறையில் இருக்கிறது, கோட்டை அழிக்காமல் அதை வெளியே எடுக்க முடியாது. நமக்கோ மேலிருந்து கையை நீட்டினால் போதும். இதே கணக்கில் நான்காம் திசையில் கை நீட்டத் தெரிந்தவனுக்கு வங்கி லாக்கர் கதவே தேவையில்லை, வயிற்றைக் கீறாமல் குடல்வாலை எடுத்துவிடலாம், இரு முனையும் ஒட்டிய கயிற்றில்கூட முடிச்சுப் போடலாம். அப்படிப்பட்ட கருவி கையில் இருக்கும்போது வில்லன் எதற்கு ஐந்து பக்கத்துக்கு லாக்கரின் ரகசிய எண்ணைத் தேடி அலைகிறான்? பல கைப்பிரதிகளில் இதைத்தான் கேட்டிருக்கிறேன்.

அந்தக் கயிறு விஷயத்தை நிஜமாகவே சோதித்துப் பார்த்தவர் உண்டு. 1877-இல் ஜெர்மனியின் லைப்சிக் நகரத்தில் யோகான் சோல்னர் என்ற வானியற்பியல் பேராசிரியர், ஆவிகளோடு பேசுவதாகச் சொல்லிக்கொண்ட ஹென்றி ஸ்லேட் என்ற அமெரிக்கரை வைத்து இதைச் சோதித்தார். முனைகளைச் சேர்த்து அரக்கு முத்திரை வைத்த கயிற்றில் முடிச்சு விழுந்ததும், ஆவிகள் நான்காம் பரிமாணத்தில் வசிக்கின்றன என்று மனிதர் முடிவே கட்டிவிட்டார். இத்தனைக்கும் ஸ்லேட் அதற்கு முந்தைய வருடம்தான் லண்டனில் மோசடி வழக்கில் தண்டனை பெற்றவர். சோல்னர் கேட்டவற்றில் உண்மையிலேயே ஏமாற்ற முடியாத சோதனை ஒன்றும் இருந்தது: நத்தை ஓட்டின் சுருளை எதிர்ப்பக்கம் திருப்பிக் காட்டு என்றார். அது மட்டும் நடக்கவே இல்லை.

ஏன் அந்தச் சோதனை? வலது கால் செருப்பை எப்படித் திருப்பினாலும் இடது கால் செருப்பு ஆகாது. நான்காம் திசை வழியாக அரைச் சுற்று சுற்றிக் கொண்டுவந்தால் ஆகிவிடும் என்று ஜெர்மன் கணித அறிஞர் மோபியஸ் 1827-இலேயே சொல்லிவிட்டார். நமக்குச் சங்கை வைத்துச் சொன்னால் உடனே புரியும். சாதாரண இடம்புரிச் சங்கை அந்தக் கருவியில் போட்டு ஒரு புரட்டு புரட்டினால் வலம்புரி வெளியே வரும். சந்தையில் இயல்பிலேயே அந்தப் பக்கம் சுருண்ட வேறு நாட்டுச் சங்குகளை வலம்புரி என்று தலையில் கட்டுகிறவர்கள் இருக்கும்போது, இந்தக் கருவி தூத்துக்குடிப் பக்கம் யாருக்காவது கிடைத்தால் என்ன ஆகும் என்று ஒரு நல்ல கதையே எழுதலாம். இதுவரை ஒருவரும் எனக்கு அனுப்பவில்லை.

வெறுமனே நகர்த்திவிட்டுத் திரும்ப எடுத்தால் இடம் வலம் மாறாது, புரட்டினால்தான் மாறும். உங்கள் கருவி எதைச் செய்கிறது என்று முதலிலேயே முடிவு செய்து, கடைசி வரை அதையே பிடித்துக்கொள்ளுங்கள். மூன்றாம் அத்தியாயத்தில் புரட்டி, ஏழாம் அத்தியாயத்தில் மறந்துபோவதுதான் அதிகம் நடக்கிறது.

பூமி ஓடிக்கொண்டிருப்பதையும் மறக்கிறார்கள். சூரியனைச் சுற்றி நொடிக்குச் சுமார் 30 கிலோமீட்டர். மறைந்த பொருள் தன் வேகத்தையும் தொலைத்துவிட்டது என்றால், பத்து நொடி கழித்து அதே மேசையில் அது வராது, 300 கிலோமீட்டர் தள்ளி வரும். சரி, வேகத்தை வைத்துக்கொண்டிருக்கிறது ஆனால் ஈர்ப்பு மட்டும் தொடாது என்று எழுதினால் சில நொடிகளுக்குப் பாதகமில்லை. ஒரு மணி நேரம் விட்டால் அது நேர்கோட்டில் போய்க்கொண்டே இருக்க, பூமி சுழன்று தரை வளைந்து விலகி, நூறு கிலோமீட்டருக்கு மேல் உயரத்தில் போய் நிற்கும். அங்கிருந்து விழும். ஈர்ப்பும் கூடவே வரும் என்று ஒரு வரி சேர்த்தால் பிரச்சினை முடிந்தது, அந்த ஒரு வரியைத்தான் யாரும் எழுதுவதில்லை. அப்புறம் காற்று: பீரோ அளவுப் பொருள் சட்டென்று காணாமல் போனால் அந்த வெற்றிடத்துக்குள் காற்று பாய்ந்து அடிக்கும், ஜன்னல் கதறும். "மெல்ல, சத்தமின்றி மறைந்தது" என்றால் மெல்ல மறைவதாகவே காட்டுங்கள்.

மனிதனைப் புரட்டுகிறவர்கள் எல்லோரும் எழுதும் ஒரு காட்சி உண்டு. டாக்டர் எக்ஸ்ரேயைப் பார்த்து, இதயம் வலப்பக்கம் இருக்கிறதே என்று அலறுவார். அலற மாட்டார். உள்ளுறுப்புகள் இடம் மாறிப் பிறப்பவர்கள் ஏறத்தாழ பத்தாயிரத்தில் ஒருவர் இருக்கிறார்கள், டாக்டர் முதலில் படத்தைத் திருப்பி மாட்டிவிட்டார்களா என்றுதான் பார்ப்பார்.

உண்மையான ஆபத்து சாப்பாட்டில் இருக்கிறது. நம் உடம்பின் மூலக்கூறுகளுக்கும் இடது வலது உண்டு. புதினாவுக்கு மணம் தரும் கார்வோனும் சதகுப்பை மணத்தில் இருக்கும் கார்வோனும் ஒரே மூலக்கூறின் கண்ணாடி பிம்பங்கள், மூக்கு அவற்றைப் பிரித்தறிகிறது. அதனால் புரட்டப்பட்ட நாயகன் வீடு திரும்பி, அம்மா வைத்த இட்லியைப் புதினாச் சட்னியில் தொட்டு வாயில் வைத்தால், சதகுப்பை மணம்தான் வரும். அவன் செரிமான நொதிகள் எல்லாம் தலைகீழ் என்பதால் இட்லி மாவுச்சத்து செரிக்காமலே வெளியேறும். தண்ணீரும் உப்பும் ஒத்துக்கொள்ளும். அம்மா தட்டில் இன்னும் இரண்டு வைப்பார், அவனும் சாப்பிடுவான், நாளுக்கு நாள் இளைத்துக்கொண்டே போவான், ஏன் என்று அந்த வீட்டில் யாருக்கும் தெரியாது.