மார்கரெட் ரதர்ஃபோர்டின் படங்களை எந்த வரிசையில் பார்ப்பது?

பிரிட்டிஷ் குணச்சித்திர நடிகை மார்கரெட் ரதர்ஃபோர்டை (1892–1972) அகதா கிறிஸ்டியின் நாவல்களில் துப்பறியும் மூதாட்டியான மிஸ் மார்ப்பிளாக மட்டுமே அறிந்தவர்கள் பலர். அவரை முழுமையாக அறிய விரும்புவோர் அந்தத் துப்பறியும் படங்களை ஒத்திவைத்துவிட்டு, 1945இல் டேவிட் லீன் இயக்கத்தில் வெளிவந்த ‘பிளைத் ஸ்பிரிட்’ படத்திலிருந்து தொடங்க வேண்டும் என்பது என் உறுதியான கருத்து. நகைச்சுவைப் பாத்திரத்தின் நம்பிக்கைகளைத் தம்முடையவையாகவே ஏற்று, துளியும் கேலியின்றி நடிப்பது அவருடைய வழி. அது அங்கேதான் மிகத் தெளிவாகப் புலப்படுகிறது.

அதில் அவர் ஆவிகளை அழைக்கும் மேடம் ஆர்கட்டியாக வருகிறார். 1941இல் நாடகமாக அது மேடையேறியபோது, ஆவியுலகை மெய்யாகவே நம்புவோரை ஏளனம் செய்ய மனமின்றி, அந்த வேடத்தை ஏற்க முதலில் அவர் தயங்கினார். அந்தத் தயக்கம்தான் நடிப்புக்கு வலுச் சேர்த்தது. ஆவியை அழைக்கும் காட்சியை ஒருமுறை வழக்கம்போல் பாருங்கள். பிறகு ஒலியை நிறுத்திவிட்டு, அவருடைய தாடை, கண்கள், கைகள் ஆகியவற்றை மட்டும் கவனித்து மறுபடியும் பாருங்கள். தொழில் தெரிந்த ஒரு பெண் தன் வேலையில் முனைப்பாக இருப்பதைத்தான் காண்பீர்கள்.

அடுத்து ‘த ஹாப்பியஸ்ட் டேஸ் ஆஃப் யுவர் லைஃப்’ (1950). அதிகாரிகளின் குளறுபடியால் ஆண்கள் பள்ளிக்குள் வந்து சேரும் பெண்கள் பள்ளியின் தலைமையாசிரியையாக, நடிகர் அலஸ்டேர் சிம்முக்கு ஈடுகொடுத்து நிற்கிறார். மூன்றாவதாக, 1952இல் வெளிவந்த ‘தி இம்பார்ட்டன்ஸ் ஆஃப் பீயிங் எர்னஸ்ட்’. பல ஆண்டுகளுக்கு முன்பு கைக்குழந்தையைக் கைப்பையில் வைத்துத் தொலைத்துவிட்ட மிஸ் பிரிசமாக ரதர்ஃபோர்டு நடிக்கிறார். மிஸ் பிரிசம் இறுதிக் காட்சியில் அந்தப் பையை மீண்டும் காண்கிறார். எல்லோரும் குழந்தையைப் பற்றி யோசிக்கும் நேரத்தில், பை திரும்பக் கிடைத்ததற்காக அவர் நிறைவு கொள்கிறார். வேறொருவர் நடித்திருந்தால் இது வெறும் வேடிக்கையாகியிருக்கும். ரதர்ஃபோர்டின் முகத்தில் அது நெடுநாள் குறை தீர்ந்த நிம்மதியாகத் தெரிவதால் சிரிப்பும் பரிவும் ஒன்றாக எழுகின்றன.

இம்மூன்றையும் பார்த்த பிறகு அவருடைய வாழ்க்கையைப் படிக்கலாம். தந்தை தம் சொந்தத் தந்தையையே கொன்று பிராட்மூர் மனநலக் காப்பகத்தில் வைக்கப்பட்டிருந்தவர். விடுதலைக்குப் பின் குடும்பம் நம் சென்னைக்குக் குடிபெயர்ந்தது. தாய் தற்கொலை செய்துகொண்டதால், மூன்று வயதுச் சிறுமி இங்கிலாந்துக்குத் திருப்பி அனுப்பப்பட்டு, விம்பிள்டனில் தாயின் சகோதரியிடம் வளர்ந்தார். பியானோவும் பேச்சுப் பயிற்சியும் கற்பித்துப் பிழைத்த அவர், ஓல்டு விக் அரங்கில் முதன்முதலாக மேடையேறியபோது வயது 33. ஆனால் ஒவ்வொரு பாத்திரத்திலும் இந்தத் துயரத்தின் தடயத்தைத் தேட வேண்டாம். அது அவருடைய உழைப்பைக் குறைத்து மதிப்பதாகும்.

இப்போது மார்ப்பிளுக்கு வரலாம். 1961 முதல் 1964 வரை வெளிவந்த நான்கு படங்களில் முதலாவது மட்டுமே மிஸ் மார்ப்பிள் நாவலைத் தழுவியது. இரண்டு படங்கள் கிறிஸ்டியின் மற்றொரு துப்பறிவாளரான பொய்ரோ வரும் நாவல்களிலிருந்து எடுக்கப்பட்டவை; ‘மர்டர் அஹாய்’ திரைக்கென்றே எழுதப்பட்டது. எனவே அமைதியாகப் பின்னல் போடும் நாவல் கிழவியை மறந்துவிட்டுப் பாருங்கள். படங்கள் அகதா கிறிஸ்டிக்கு நிறைவளிக்கவில்லை; ஆயினும் 1962இல் வெளிவந்த தம் நாவல் ஒன்றை இந்த நடிகைக்கே அவர் காணிக்கையாக்கினார். மார்ப்பிளுக்குத் துணைவரும் மிஸ்டர் ஸ்டிரிங்கர், ரதர்ஃபோர்டின் கணவர் ஸ்டிரிங்கர் டேவிஸ்தான். நாவல்களில் இல்லாத அந்தப் பாத்திரத்தோடு அவர் பேசும் இடங்களில் தெரியும் இயல்பான நெருக்கத்தைத் தவறவிடாதீர்கள்.

ஆஸ்கர் துணை நடிகை விருது பெற்றுத் தந்த ‘த வி.ஐ.பி.ஸ்’ (1963) படத்தில், மூடுபனியால் விமான நிலையத்தில் சிக்கிக்கொண்ட சீமாட்டியாக அவர் வரும் காட்சிகளே போதும். ஆர்சன் வெல்ஸின் ‘சைம்ஸ் அட் மிட்நைட்’ (1965) படத்தைக் கடைசியாக வைத்துக்கொள்ளுங்கள். ஷேக்ஸ்பியரின் நாடகப் பாத்திரமான ஃபால்ஸ்டாஃபின் மரணத்தை விடுதிக்காரியாக அவர் விவரிக்கும் பகுதியில் ஷேக்ஸ்பியரின் ஆங்கிலம் கடினமாக இருக்கும் என்பதால், முதல்முறை சப்டைட்டிலோடும் மறுமுறை அது இல்லாமலும் கேளுங்கள். சாப்ளினின் கடைசிப் படத்தில் அவருக்குக் கிடைத்தது மிகச் சிறிய வேடம். நேரம் இருந்தால் மட்டும் அதைப் பார்க்கலாம்.