ஓவனில் உருளைக்கிழங்கு சிப்ஸ்: கருகாமலும் நமுத்துப் போகாமலும் எடுப்பது எப்படி?

ஓவனில் சிப்ஸ் செய்து பார்த்தவர்கள் சொல்லும் குறை பெரும்பாலும் ஒன்றுதான்: ஓரம் கருகிவிட்டது, நடுப்பகுதி இன்னும் சவசவ என்று இழுக்கிறது. கடாயில் பொரிக்கும்போது 170 முதல் 180 டிகிரி சூட்டில் இருக்கும் எண்ணெய், சீவலை எல்லாப் பக்கமும் சூழ்ந்துகொள்ளும். இரண்டு மூன்று நிமிடத்தில் ஈரம் முழுக்கக் குமிழ் குமிழாக வெளியேறிவிடும். ஓவனில் அந்த வேலையைக் காற்று செய்தாக வேண்டும், காற்றோ சூட்டை மெதுவாகத்தான் கொடுக்கும். உருளைக்கிழங்கில் ஏறக்குறைய ஐந்தில் நான்கு பங்கு தண்ணீர். கிழங்கு சிவக்க ஆரம்பிப்பதற்குள் அந்தத் தண்ணீர் போய்விட வேண்டும். கீழே வரும் படிகள் எல்லாமே இதற்காகத்தான்.

தேவையானவை

நடுத்தர அளவில் இரண்டு கிழங்கு (300 கிராம்), கடலெண்ணெய் 1 மேஜைக்கரண்டி, வினிகர் ஒன்றரை மேஜைக்கரண்டி, பொடி உப்பு கால் தேக்கரண்டிக்குச் சற்றுக் குறைவாக. மசாலாவைப் பிறகு பார்ப்போம். சீவுவதற்குச் சிப்ஸ் கட்டை, துடைக்க இரண்டு பருத்தித் துண்டுகள், ஆறவைக்க ஒரு கம்பி வலைத் தட்டு ஆகியவையும் வேண்டும்.

அளவு குறைவாகத் தெரியலாம். ஆனால் 30 லிட்டர் ஓடிஜி (மேஜையில் வைக்கும் மின் ஓவன்) ட்ரேயில் ஒரு கிழங்கின் சீவல்கள்தான் ஒன்றன்மேல் ஒன்று படாமல் பரவும். இரண்டு கிழங்கு என்றால் இரண்டு ஈடு. முதல் தடவையிலேயே ஒரு கிலோ வாங்கி உட்காராதீர்கள்.

எந்தக் கிழங்கு?

பாதி வெற்றி இங்கேதான் இருக்கிறது. சிப்ஸுக்கு மாவுச்சத்து அதிகமாகவும் சர்க்கரை குறைவாகவும் உள்ள கிழங்கு வேண்டும். சிம்லாவில் உள்ள மத்திய உருளைக்கிழங்கு ஆராய்ச்சி நிறுவனம் சிப்ஸுக்கென்றே குப்ரி சிப்சோனா வகைகளை உருவாக்கியது. அவற்றில் முதலாவது 1998-ல் வெளியானது. காய்கறிக் கடையில் வகையின் பெயர் சொல்லி விற்பது அபூர்வம் என்பதால், வீட்டிலேயே சோதித்துக்கொள்ளலாம்.

ஒரு லிட்டர் தண்ணீரில் 110 கிராம் உப்பைக் கரைத்து, கழுவிய முழுக் கிழங்கை அதில் போடுங்கள். மூழ்கினால் மாவுச்சத்து உள்ள கிழங்கு, சிப்ஸுக்கு ஆகும். மிதந்தால் தண்ணீர்க் கிழங்கு, அதைக் குழம்புக்கு வைத்துக்கொள்ளுங்கள்.

சர்க்கரைக்கு வேறு சோதனை உண்டு. குளிர்பதனக் கிடங்கிலோ வீட்டு ஃப்ரிட்ஜிலோ இருந்த கிழங்கில், குளிர் தாங்குவதற்காக மாவுச்சத்தின் ஒரு பகுதி சர்க்கரையாக மாறிவிடும். அந்தச் சர்க்கரைதான் சிப்ஸைப் பழுப்பாக்கிக் கசக்க வைக்கிறது. ஒரே ஒரு சீவலைத் தோசைக்கல்லில் சொட்டு எண்ணெய் விட்டு, மிதமான தீயில் சுட்டுப் பாருங்கள். மொறுமொறுப்பாவதற்கு முன்பே திட்டுத் திட்டாகக் கறுத்தால் சர்க்கரை கூடிய கிழங்கு. அதைச் சணல் பையிலோ காகிதப் பையிலோ போட்டு, வெளிச்சம் படாத இடத்தில் சாதாரண சூட்டில் இரண்டு மூன்று வாரம் வைத்தால் சர்க்கரை ஓரளவு குறையும். பச்சை படர்ந்த கிழங்கும் முளை விட்ட கிழங்கும் இதற்கு வேண்டவே வேண்டாம்.

சீவுதல்

தடிமன் ஒன்றரை மில்லிமீட்டர். அளக்க எளிய வழி: நம்முடைய ஒரு ரூபாய் நாணயத்தின் தடிமன் கிட்டத்தட்ட இதுதான். ஒரு மில்லிமீட்டருக்குக் கீழே போனால் கண் மூடித் திறப்பதற்குள் கருகும். இரண்டைத் தாண்டினால் நடுப்பகுதி காய்வதற்குள் ஓரம் தீய்ந்துவிடும். அதைவிட மோசம், ஒரே ட்ரேயில் இரண்டும் கலந்து கிடப்பது. அதனால் கத்தியை விட்டுவிட்டுச் சிப்ஸ் கட்டையைப் பயன்படுத்துங்கள். கிழங்கு சிறிதாகிக் கை பிளேடை நெருங்கும்போது நிறுத்திவிடுங்கள், மிஞ்சும் துண்டு பொரியலுக்கு ஆகும். பிறை வடிவத்தில் விழும் முதல் இரண்டு மூன்று சீவல்களையும் ஒதுக்கிவிடுங்கள், அவை எப்போதும் முதலில் கருகும்.

கழுவி, வெந்நீரில் போட்டு, துடைத்தல்

சீவியவுடன் குளிர்ந்த தண்ணீரில் போட்டு அலசுங்கள். தண்ணீர் பால் போலக் கலங்கும். கலங்கல் நிற்கும்வரை மூன்று நான்கு தடவை மாற்றுங்கள். மேலே ஒட்டியிருக்கும் இந்த மாவு போகாவிட்டால் சீவல்கள் ஒன்றோடொன்று ஒட்டிக்கொள்ளும், ட்ரேயிலும் பிடித்துக்கொள்ளும்.

ஒன்றரை லிட்டர் தண்ணீரைக் கொதிக்கவிட்டு, வினிகரை ஊற்றி, சீவல்களைப் போடுங்கள். ஒன்றரை நிமிடம் போதும், அதிகம் போனால் இரண்டு. வெந்நீர் சர்க்கரையைக் கரைத்து எடுத்துவிடும். வினிகரின் புளிப்பு சீவல் குழைந்து உடையாமல் காக்கும். ஒன்றை எடுத்து மெதுவாக வளைத்துப் பாருங்கள்: முறியாமல் வளைய வேண்டும், ஓரம் கண்ணாடி போலத் தெரிய வேண்டும். நிறைய பேர் இந்தப் படியைத் தாண்டிவிடுகிறார்கள். எந்தக் கிழங்கு கைக்கு வரும் என்று தெரியாத நமக்கு இதைவிடப் பெரிய பாதுகாப்பு இல்லை.

வடிதட்டில் கொட்டிய கையோடு, ஆவி பறக்கும்போதே துண்டில் ஒற்றை அடுக்காகப் பரப்புங்கள். அந்தச் சூட்டிலேயே மேல் ஈரம் பெருமளவு பறந்துவிடும். ஐந்து நிமிடம் கழித்து இன்னொரு துண்டால் மேலே ஒற்றி எடுங்கள். விரலால் தொட்டால் வழவழப்போ ஈரப்பிசுக்கோ இருக்கக் கூடாது. ஈரத்தோடு ஓவனுக்குள் போனால் முதல் பத்து நிமிடமும் சீவல் வேகத்தான் செய்யும், காயாது.

இந்தக் கட்டத்தில் உப்புப் போடாதீர்கள். உப்பு உள்ளிருக்கும் தண்ணீரை மேலே இழுத்து, துடைத்த வேலையை வீணாக்கிவிடும்.

எண்ணெய் பூசுதல்

அகலமான கிண்ணத்தில் சீவல்களைப் போட்டு, எண்ணெயை ஊற்றி, கையால் ஒவ்வொன்றாகப் பிரித்துத் தடவுங்கள். பிரஷ்ஷை விடக் கை நல்லது. எண்ணெயே இல்லாமல் செய்தால் அட்டை போல வரும், மசாலாவும் ஒட்டாது. ஒரு மேஜைக்கரண்டியைத் தாண்டினால் ட்ரேயில் குட்டை குட்டையாகத் தேங்கும்.

ஓவனில்

ஓடிஜியில் மேல் கம்பி, கீழ்க் கம்பி இரண்டையும் போட்டு, 170 டிகிரியில் 15 நிமிடம் சூடாக்குங்கள். உள்ளே காற்றாடி ஓடும் ஓவன் என்றால் 10 டிகிரி குறைத்துக்கொள்ளுங்கள். பல ஓடிஜிகளில் திருகும் குமிழ் காட்டும் சூடும் உள்ளே இருக்கும் சூடும் ஒன்றாக இருக்காது. ஓவனுக்குள் வைக்கும் சின்ன வெப்பமானி ஒன்று வாங்கிவிட்டால் கேக் முதல் சிப்ஸ் வரை எல்லாவற்றுக்கும் உதவும்.

ட்ரேயில் ஓவனுக்கான பட்டர் பேப்பரை விரியுங்கள். மெழுகு பூசிய தாள் புகையும், அதனால் எத்தனை டிகிரி தாங்கும் என்று உறையில் பார்த்து வாங்குங்கள். சீவல்களை ஒன்றன்மேல் ஒன்று ஏறாமல் அடுக்கி, நடுத்தட்டில் வையுங்கள். இரண்டு ட்ரேக்களை ஒன்றாக உள்ளே தள்ள வேண்டாம். ஆவி இரட்டிப்பாகும், கீழ் ட்ரேக்கு மேல் கம்பியின் சூடும் கிடைக்காது.

எட்டு நிமிடம் கழித்துக் கதவைத் திறந்து, தேங்கிய ஆவியை வெளியே விடுங்கள். சீவல்களைத் திருப்பிப் போட்டு, ட்ரேயையும் முன்பக்கம் பின்பக்கமாக மாற்றி வையுங்கள். சூட்டை 150-க்கு இறக்குங்கள். சீவலில் தண்ணீர் நிறைய இருக்கும்வரை அதன் சூடு 100 டிகிரியைச் சுற்றியே நிற்கும், அதனால் முதலில் அதிகச் சூடு கொடுப்பதில் பயமில்லை. தண்ணீர் தீரத் தீரச் சூடு மளமளவென்று ஏறும். சிவப்பதும் கருகுவதும் அப்போதுதான்.

சூட்டை இறக்கிய ஆறாவது நிமிடத்திலிருந்து ஓவனை விட்டு நகராதீர்கள். ஓரங்கள் அலை அலையாக எழும்பும், மேலே இருந்த சின்னக் கொப்புளங்கள் அடங்கும், நிறம் வைக்கோல் மஞ்சளுக்கு வரும். ட்ரேயின் விளிம்பில் இருப்பவை முதலில் ஆகும். ஆனவற்றை இடுக்கியால் எடுத்துக் கம்பி வலைத் தட்டில் போட்டுக்கொண்டே வாருங்கள். எல்லாம் ஒன்றாக ஆகட்டும் என்று காத்திருந்தால் பாதி கருகிவிடும். மொத்தம் 18 முதல் 25 நிமிடம் ஆகும்.

சூடாக இருக்கும்போது எல்லாச் சிப்ஸும் கொஞ்சம் வளையும், அதை வைத்து முடிவு செய்யாதீர்கள். ஒன்றை வெளியே எடுத்து ஒரு நிமிடம் ஆறவிட்டு ஒடியுங்கள். டக்கென்று முறிந்தால் ஆயிற்று. வளைந்தால் இன்னும் இரண்டு நிமிடம். சமையலறைத் தராசு இருந்தால் இன்னும் துல்லியம்: தோல் சீவி நறுக்கிய கிழங்கு 280 கிராம் என்றால், முடிந்த சிப்ஸ் 70 கிராமைச் சுற்றி, அதாவது கால் பங்காக வர வேண்டும். 90 கிராம் காட்டினால் ஈரம் உள்ளே இருக்கிறது என்று அர்த்தம். இன்னொரு கணக்கும் பாருங்கள்: இந்த 70 கிராமில் எண்ணெய் 14 கிராமுக்குள், ஐந்தில் ஒரு பங்கு. கடையில் வாங்கும் பொரித்த சிப்ஸில் அது மூன்றில் ஒரு பங்கு.

மஞ்சளிலேயே எடுத்துவிடச் சொல்வது ருசிக்காக மட்டும் இல்லை. மாவுச்சத்துள்ள உணவை 120 டிகிரிக்கு மேல் பொரித்தாலோ சுட்டாலோ புற்றுநோயை உண்டாக்கக்கூடும் என்று கருதப்படும் அக்ரிலமைடு என்ற பொருள் உருவாகிறது என்பதை 2002-ல் ஸ்வீடன் ஆய்வாளர்கள் வெளியிட்டார்கள். கிழங்கில் சர்க்கரை கூடக் கூட, நிறம் ஏற ஏற அதுவும் கூடும். வெந்நீரில் போட்டு எடுப்பதும், பழுப்பு ஏறும் முன்பே ஓவனிலிருந்து எடுப்பதும் அதைக் குறைக்கும். குழந்தைகளுக்குக் கொடுப்பதில் கருகியவை இருந்தால் தயங்காமல் தூக்கிப் போடுங்கள்.

மசாலா

மிளகாய்த்தூளும் பூண்டுப் பொடியும் கிழங்குக்கு முன்னால் கருகிக் கசந்துவிடும். ஆகவே மசாலா எப்போதும் ஓவனிலிருந்து எடுத்த பிறகு, சூடு ஆறுவதற்குள். மேலே உள்ள எண்ணெய்ப் பசை அந்த இரண்டு நிமிடம்தான் பொடியைப் பிடிக்கும். உப்பு உட்பட எல்லாவற்றையும் மிக்ஸியில் நைசாக அரைத்து, டீ வடிகட்டியில் போட்டு, ஒரு முழ உயரத்திலிருந்து தட்டித் தூவுங்கள். பக்கத்திலிருந்து தூவினால் ஒரே இடத்தில் குவியும்.

மிளகு பூண்டு: அரை தேக்கரண்டி மிளகுத்தூள், கால் தேக்கரண்டி பூண்டுப் பொடி, உப்பு.

கறிவேப்பிலை: முதல் ஈடு முடிந்த ஓவன் சூட்டிலேயே இரண்டு ஈர்க்குக் கறிவேப்பிலையையும் ஒரு காய்ந்த மிளகாயையும் மொறுமொறுவென்று காயவைத்து, வறுத்த பெருங்காயம் ஒரு சிட்டிகை, உப்புச் சேர்த்து அரையுங்கள். ஒன்றையே செய்து பார்ப்பதானால் இதைச் செய்யுங்கள், கடையில் கிடைக்காத மணம்.

புளிப்புக் காரம்: அரை தேக்கரண்டி மிளகாய்த்தூள், கால் தேக்கரண்டி மாங்காய்ப் பொடி, ஒரு சிட்டிகை பொடித்த சர்க்கரை, உப்பு. எலுமிச்சைச் சாறு பிழிய ஆசை வரும். வேண்டாம், சொட்டுச் சாறு பட்ட இடமெல்லாம் நமுத்துப் போகும்.

எடுத்து வைத்தல்

கம்பி வலைத் தட்டில் முழுக்க ஆறிய பிறகே டப்பாவில் போடுங்கள். இளஞ்சூட்டோடு மூடினால் ஆவி மூடியில் நீராகி உள்ளேயே விழும். காற்றுப் புகாத எவர்சில்வர் டப்பாவில் இரண்டு மூன்று நாள் தாங்கும். சென்னை போன்ற கடலோர ஊர்களில் மழைக்காலத்தில் ஒரு நாளே அதிகம். நமுத்துவிட்டால் 110 டிகிரி ஓவனில் ஐந்து நிமிடம் வைத்து எடுத்து, ஆறவிடுங்கள். மைக்ரோவேவில் சூடாக்கினால் ஓரிரு இடம் மட்டும் கருகும், மற்ற இடம் அப்படியே இருக்கும்.