ஆட்டத்தின் நடுவே டபிள்யூ கீ வேலை செய்யவில்லையா? கடற்கரை ஊர்களுக்கான செய்முறை விளக்கம்

ஆட்டத்தில் உங்கள் ஆள் ஓடிக்கொண்டே இருக்கிறான், திடீரென நின்றுவிடுகிறான். ஏ, எஸ், டி மூன்றும் வேலை செய்கின்றன, டபிள்யூ மட்டும் இல்லை. இணையத்தில் தேடினால் பெரும்பாலும் ஒரே பதில்தான் வரும்: ஐபிஏ (ஐசோபுரோபைல் ஆல்கஹால்) ஊற்றித் துடையுங்கள். மதுரைக்கு அது சரி. தொண்டி, தேவிப்பட்டினம், கீழக்கரை, மண்டபம், பாம்பன், தங்கச்சிமடம் பக்கம் இருப்பவர்களுக்கு அது பாதி பதில்தான். இங்கே கீபோர்டுக்குள் சேர்வது தூசி மட்டுமல்ல, உப்பும்தான். உப்பு ஐபிஏவில் கரையவே கரையாது என்று சொல்லிவிடலாம். ஆனால் அதற்குப் போகும் முன், கீ உண்மையிலேயே கெட்டிருக்கிறதா என்று பார்த்துவிட வேண்டும். திருகாணியைக் கழற்றத் தேவையே இல்லாமல் முடிந்துவிடும் கேஸ்கள் நிறைய.

படி 1: கெட்டது கீயா, கம்ப்யூட்டரா?

ஆட்டத்தை மினிமைஸ் செய்துவிட்டு நோட்பேடைத் திறந்து டபிள்யூவை அழுத்துங்கள். 'w' விழுந்தால் கீ நன்றாக இருக்கிறது, கோளாறு ஆட்டத்தின் செட்டிங்கில் அல்லது படி 3ல் சொல்வதில். தமிழ் எழுத்து விழுந்தால் படி 2. விழவில்லை என்றால் விண்டோஸ் கீ, கன்ட்ரோல், ஓ மூன்றையும் சேர்த்து அழுத்துங்கள். திரையில் ஒரு கீபோர்டு வரும். நோட்பேடில் கர்சரை வைத்து, மவுஸால் அந்தத் திரைக் கீபோர்டின் டபிள்யூவைச் சொடுக்குங்கள். அதில் எழுத்து விழுந்து, கையில் இருக்கும் கீயில் விழாவிட்டால் சந்தேகம் கீபோர்டின் மேல்தான். கீபோர்டை வேறு யூஎஸ்பி துளையில், முடிந்தால் வேறு கம்ப்யூட்டரிலும் செருகிப் பாருங்கள். அங்கேயும் அதே கீ செத்திருந்தால் படி 4க்குப் போகலாம்.

படி 2: தெரியாமல் பூட்டிய கீ

நோட்பேடில் டபிள்யூவுக்குப் பதில் 'ஈ' விழுகிறதா? தமிழ்99 என்ற தமிழ்த் தட்டச்சு முறை ஆனில் இருக்கிறது. ஏ அழுத்தினால் 'அ', எஸ் அழுத்தினால் 'இ', டி அழுத்தினால் 'உ' வரும். சில ஆட்டங்கள் கீயின் இடத்தைப் பார்க்காமல் விழும் எழுத்தைப் பார்க்கின்றன. அவற்றில் தமிழ் ஆனில் இருந்தால் ஆள் அசையவே மாட்டான். தமிழ் தட்டச்சு வைத்திருக்கும் கம்ப்யூட்டரில் இது நடப்பது சுலபம். குதிக்க ஸ்பேஸ் தட்டும்போது விரல் விண்டோஸ் கீயிலும் பட்டால் மொழி மாறிவிடும். ஆல்ட்டும் ஷிஃப்ட்டும் சேர்ந்து அமுங்கினாலும் அப்படியே. விண்டோஸ் கீயையும் ஸ்பேஸையும் சேர்த்து அழுத்தி ஆங்கிலத்துக்குத் திரும்புங்கள். ஆடும் நேரத்தில் தமிழை எடுத்துவிட்டு ஆடுவது இன்னும் நிம்மதி.

கேமிங் கீபோர்டாக இருந்தால் எஃப்என் (Fn) கீயைச் சந்தேகப்படுங்கள். பல மாடல்களில் எஃப்என்னுடன் விண்டோஸ் கீயை அழுத்தினால் விண்டோஸ் கீ பூட்டப்படும். எஃப்என்னுடன் டபிள்யூவை அழுத்தினால் டபிள்யூ, ஏ, எஸ், டி நான்கும் அம்புக்குறி கீகளுடன் இடம் மாறிக்கொள்ளும். நான்கும் ஒரே நேரத்தில் 'செத்துப்போய்' அம்புக்குறிகளில் எழுத்து வந்தால் காரணம் இதுதான். அதே இரண்டையும் மறுபடி அழுத்தினால் சரியாகும்.

அடுத்தது விண்டோஸின் உதவி வசதிகள். வலது ஷிஃப்ட்டை 8 விநாடி அழுத்திப் பிடித்தால் ஃபில்டர் கீஸ் விழித்துக்கொள்ளும். அது ஆனில் இருந்தால் சட்டென்று தட்டும் கீ எதுவும் பதிவாகாது, அழுத்திப் பிடித்தால்தான் எழுத்து வரும். ஷிஃப்ட்டை 5 முறை தட்டினால் ஸ்டிக்கி கீஸ் கேள்வி கேட்டு ஆட்டத்தை வெளியே தள்ளும். செட்டிங்ஸ், ஆக்சஸிபிலிட்டி, கீபோர்டு என்று போய் இரண்டையும் அணையுங்கள். உள்ளே இருக்கும் ஷார்ட்கட் பொத்தானையும் சேர்த்து அணைக்க வேண்டும், இல்லாவிட்டால் அடுத்த ஆட்டத்திலேயே திரும்ப வந்து நிற்கும். விண்டோஸ் 10ல் இதே பக்கம் ஈஸ் ஆஃப் ஆக்சஸ் என்ற பெயரில் இருக்கும்.

படி 3: தனியாக வேலை செய்கிறது, சேர்த்து அழுத்தினால் இல்லை

டபிள்யூவும் ஏவும் பிடித்திருக்கும்போது மட்டும் மூன்றாவது கீ விழவில்லை என்றால் அது பழுதல்ல, கீபோர்டின் அமைப்பு. விலை குறைந்த மெம்பிரேன் (உள்ளே பிளாஸ்டிக் தாள் வைத்த) கீபோர்டுகளில் கீகள் குறுக்கும் நெடுக்குமாக ஓடும் கோடுகளில் மாட்டியிருக்கின்றன. ஒரே கோடுகளைப் பங்கிடும் மூன்று கீகளை ஒன்றாக அழுத்தினால் எது அமுங்கியது என்று உள்ளே இருக்கும் சிப்புக்குப் பிரித்தறிய முடியாது. அதனால் மூன்றாவதைத் தள்ளிவிடும். எத்தனை முறை துடைத்தாலும் இது மாறாது. ஷிஃப்ட், கன்ட்ரோல், ஆல்ட் மூன்றுக்கும் பொதுவாகத் தனிக் கோடு கொடுத்திருப்பார்கள். ஓடுவது, குனிவது போன்றவற்றை அந்த மூன்றுக்கும் மாற்றிவிட்டால் பெரும்பாலும் தீர்ந்தது.

இன்றைக்கு ஆட்டத்தை முடிக்க வேண்டும் என்றால்

ஆட்டத்தின் கன்ட்ரோல்ஸ் பக்கத்துக்குப் போய்க் கைகளை ஒரு கீ வலப்பக்கம் நகர்த்துங்கள். முன்னே போக ஈ (E), இடப்பக்கம் எஸ் (S), பின்னே டி (D), வலப்பக்கம் எஃப் (F). எஃப் மேல் சின்ன மேடு இருப்பதால் பார்க்காமலே விரல் உட்காரும். முன்பு ஈ, எஃப் கீகளில் இருந்த வேலைகளை ஆர் (R), டீ (T), ஜி (G) கீகளுக்குப் பிரித்துக் கொடுங்கள். சும்மா கிடக்கும் ஏவில் ஓட்டத்தை வைத்துக்கொள்ளலாம். பழகிய பிறகு திரும்பி வராதவர்களும் உண்டு.

கீ மாற்ற அனுமதிக்காத ஆட்டம் என்றால் மைக்ரோசாஃப்டின் பவர்டாய்ஸ் இலவசமாகக் கிடைக்கிறது. அதில் கீபோர்டு மேனேஜரைத் திறந்து கேப்ஸ் லாக்கை டபிள்யூ ஆக்கிவிடலாம். பவர்டாய்ஸ் பின்னணியில் ஓடிக்கொண்டே இருக்க வேண்டும். ஆட்டம் அட்மினிஸ்ட்ரேட்டர் உரிமையில் ஓடினால் பவர்டாய்ஸும் அதே உரிமையில் ஓடினால்தான் பலிக்கும்.

படி 4: உப்பை வெளியேற்றுவது

காற்றின் ஈரப்பதம் 75 விழுக்காட்டைத் தாண்டினால் சாப்பாட்டு உப்பு தானே ஈரத்தை இழுத்துக் கரைந்துவிடும். கடலுப்பில் கலந்திருக்கும் மக்னீசியம் குளோரைடு அதற்கு வெகு முன்பே, 33 விழுக்காட்டிலேயே இழுக்கும். கீபோர்டுக்குள் படிந்த உப்பும் இப்படித்தான். ஈரமானதும் அது மின்சாரம் கடத்தும், செம்பையும் வெள்ளிப் பூச்சையும் அரிக்கும். விடிகாலையில் மக்கர் செய்து, வெயில் ஏறியதும் தானே சரியாகும் கீ என்றால் உள்ளே ஈர உப்பு இருக்கிறது, மின்சாரம் ஓடும் தடம் இன்னும் அறுபடவில்லை. இந்தக் கட்டத்தில் கவனித்தால் காப்பாற்றலாம்.

வாங்க வேண்டியவை கொஞ்சம்தான். பேட்டரிக் கடையில் டிஸ்டில்டு வாட்டர் ஒரு பாட்டில். ஆசிட் கலந்தது வேண்டாம், தண்ணீர் மட்டும் என்று சொல்லி வாங்குங்கள். செல்போன் சர்வீஸ் பொருட்கள் விற்கும் இடத்தில் 99 விழுக்காடு ஐபிஏ 100 மில்லி. பழைய டூத் பிரஷ், நூல் பிரியாத பருத்தித் துணி, காது குடையும் பஞ்சுக் குச்சி, சின்ன ஸ்டார் ஸ்குரூ டிரைவர், கீ கழற்றும் கம்பி.

வீட்டு போர் தண்ணீரைத் தொடவே வேண்டாம். இந்தக் கரையில் பல இடங்களில் நிலத்தடி நீரே உவர்ப்பு, உப்பை எடுக்கப் போய் உப்பை வைத்துவிட்டு வருவீர்கள். சானிட்டைசரில் கிளிசரின் இருக்கும், உலர்ந்த பிறகு பிசுபிசுக்கும். தின்னரும் அசிட்டோனும் கீ மூடியையே உருக்கிவிடும். துருவுக்கு அடிக்கும் எண்ணெய் ஸ்பிரே முதல் நாள் வேலை செய்வதுபோல் இருக்கும், பிறகு மணலைப் பிடித்து வைத்துக்கொள்ளும்.

வரிசை இதுதான்: முதலில் தண்ணீர், பிறகு ஐபிஏ. தண்ணீர் உப்பைக் கரைக்கும், ஐபிஏ அந்தத் தண்ணீரைத் துரத்தும்.

மெக்கானிக்கல் கீபோர்டில் (ஒவ்வொரு கீக்கும் தனி ஸ்விட்ச் உள்ள வகை)

கேபிளைப் பிடுங்குங்கள். கம்பியைக் கீ மூடியின் இரு பக்கமும் நுழைத்து நேராக மேலே இழுங்கள், சாய்க்க வேண்டாம். கீபோர்டைக் கவிழ்த்துத் தட்டி மணலைக் கொட்டிவிட்டு, பிரஷால் உலர்வாகவே தேய்த்துவிடுங்கள். மணல் இருக்கும்போது ஈரம் பட்டால் சேறாகி உள்ளே இறங்கும்.

ஸ்விட்ச் கழற்றக்கூடிய ஹாட் ஸ்வாப் வகை என்றால் ஒரு காசு செலவில்லாத சோதனை இருக்கிறது. யாரும் தொடாத ஸ்குரோல் லாக்கின் ஸ்விட்ச்சைக் கழற்றி டபிள்யூவில் போடுங்கள், டபிள்யூவினுடையதை அங்கே போடுங்கள். ஸ்குரோல் லாக் கீயே இல்லாத சின்ன கீபோர்டில் அதிகம் தொடாத வேறு எந்தக் கீயும் போதும். பழுது ஸ்விட்ச்சுடன் சேர்ந்து போனால் ஸ்விட்ச் கெட்டது. டபிள்யூவிலேயே தங்கிவிட்டால் கீழே போர்டில் சாக்கெட்டோ தடமோ கெட்டது. செருகும்போது இரண்டு செம்புக் கால்களும் நேராக இருக்கின்றனவா என்று ஒவ்வொரு முறையும் பாருங்கள். கால் மடங்கி உட்கார்ந்துவிட்டு, புது ஸ்விட்ச்சும் வேலை செய்யவில்லை என்று புலம்புவதுதான் இதில் அதிகம் நடக்கிறது. புதிது வாங்கினால் 3 கால் ஸ்விட்ச் 5 கால் போர்டில் உட்காரும். 5 கால் ஸ்விட்ச்சை 3 கால் போர்டில் போட, ஓரத்து இரண்டு பிளாஸ்டிக் கால்களை நகவெட்டியால் நறுக்க வேண்டும்.

கெட்ட ஸ்விட்ச்சைத் தூக்கி எறியும் முன் ஒரு சின்னக் கிண்ணத்தில் டிஸ்டில்டு வாட்டர் ஊற்றி, அதை உள்ளே வைத்து 40 முறை அழுத்துங்கள். உதறிவிட்டு ஐபிஏவில் அதேபோல். பிறகு ஒரு நாள் உலர விடுங்கள். அரிப்பு ஆழமாகாத ஸ்விட்ச் பெரும்பாலும் திரும்பி வரும். ஒருமுறை தட்டினால் இரண்டு எழுத்து விழும் கோளாறுக்கும் இதே வைத்தியம்.

ஸ்விட்ச் சால்டர் செய்யப்பட்ட போர்டு என்றால் கிண்ண வேலை நடக்காது. 7 பங்கு ஐபிஏவுடன் 3 பங்கு டிஸ்டில்டு வாட்டர் கலந்து, ஸ்விட்ச்சின் தண்டை அழுத்திப் பிடித்து இரண்டு மூன்று சொட்டு விடுங்கள். 50 முறை தட்டுங்கள். 10 நிமிடம் கழித்துச் சுத்த ஐபிஏ இரண்டு சொட்டு. கீபோர்டைக் கவிழ்த்தே வையுங்கள். மறுநாள் வரை கேபிளைச் செருகக் கூடாது, ஈரத்தில் மின்சாரம் பாய்ந்தால் அரிப்பு பல மடங்காகும்.

மெம்பிரேன் கீபோர்டில்

அடிப்பக்கத் திருகாணிகளை எல்லாம் கழற்றிய பிறகும் பிரியவில்லை என்றால் பலவந்தம் வேண்டாம். லேபிளுக்கு அடியிலும் ரப்பர் கால்களுக்கு அடியிலும் இன்னும் சில ஒளிந்திருக்கும். திறந்ததும் ஒரு போட்டோ எடுத்துக்கொள்ளுங்கள். மேலே ரப்பர் குமிழ்கள், அதற்குக் கீழே மூன்று அடுக்குப் பிளாஸ்டிக் தாள். முதல் தாளிலும் மூன்றாவது தாளிலும் வெள்ளி மையில் அச்சடித்த தடங்கள் ஓடும். நடுத் தாளில் ஓட்டைகள். கீயை அழுத்தும்போது அந்த ஓட்டை வழியே மேலும் கீழும் தொட்டுக்கொள்ளும்.

டபிள்யூ ஒன்று மட்டும் செத்திருந்தால் அந்தக் குமிழையும் தொடும் புள்ளியையும் பாருங்கள். குமிழ் கிழிந்திருந்தால், தனித்தனிக் குமிழ் வகையில் ஸ்குரோல் லாக்கினுடையதை எடுத்துப் போடலாம். டபிள்யூவுடன் வேறு சில கீகளும் சேர்ந்து செத்திருந்தால் தடம் அறுந்திருக்கிறது அல்லது சிப் இருக்கும் சின்ன போர்டில் தாள் தொடும் விளிம்பு கறுத்திருக்கிறது. இந்தப் பக்கத்துக் கீபோர்டுகளில் முதலில் பார்க்க வேண்டியது அந்த விளிம்பைத்தான். ஒரு பட்டையும் ரப்பர் துண்டும் அதை அழுத்திப் பிடித்திருக்கும், ஈரம் தங்க வசதியான இடம். டிஸ்டில்டு வாட்டரில் நனைத்துப் பிழிந்த துணியால் ஒற்றி எடுங்கள், பிறகு ஐபிஏ நனைத்த பஞ்சுக் குச்சியால் ஒருமுறை. தேய்த்தால் கரிப் பூச்சும் வெள்ளித் தடமும் கையோடு வந்துவிடும். மூன்று தாள்களும் ஓரத்தில் ஒட்டியிருந்தால் பிரிக்க முயல வேண்டாம், தடமும் சேர்ந்து உரியும்.

அறுந்த தடத்தை மல்டிமீட்டரின் பீப் ஒலி வைத்துக் கண்டுபிடித்து, வெள்ளி கண்டக்டிவ் பெயிண்ட்டால் மெல்லிய கோடாக இணைக்கலாம். சால்டரிங் அயன் வேண்டாம், தாள் உருகிவிடும். பென்சில் கோடு போடும் தந்திரம் தாள் நான்கு முறை வளைந்ததும் உதிர்ந்துவிடும். அந்த பெயிண்ட்டின் விலையையும் புது மெம்பிரேன் கீபோர்டின் விலையையும் கேட்டுப் பார்த்துவிட்டு முடிவு செய்யுங்கள். பல நேரம் புதிதே லாபம்.

லேப்டாப்பில்

சொட்டு விடும் வேலையே கூடாது, நேர் கீழே மதர்போர்டு. கீ மூடியின் கீழிருக்கும் கத்தரி போன்ற பிளாஸ்டிக் பிடி மிக மெல்லியது, உடைந்தால் தனியாகக் கிடைப்பது கடினம். உலர்ந்த பிரஷ் போதும். சரியாகவில்லை என்றால் யூஎஸ்பி கீபோர்டு செருகி ஆடுங்கள். டபிள்யூ அமுங்கியே நின்று ஆள் தானாக நடந்துகொண்டிருந்தால் பவர்டாய்ஸில் அதை டிஸேபிள் செய்யலாம். ஆனால் வெளிக் கீபோர்டின் டபிள்யூவும் சேர்ந்து அணையும், அதனால் முன் சொன்ன ஈ, எஸ், டி, எஃப் முறைக்கு மாற வேண்டியிருக்கும்.

உலர்த்துவதும் வைப்பதும்

மொட்டை மாடியிலோ ஜன்னல் திண்டிலோ காயவைத்தால் எடுத்த உப்பு திரும்ப ஏறும். கதவைச் சாத்திய அறையில் மின்விசிறிக்குக் கீழே 24 மணி நேரம். ஹேர் டிரையரின் சூட்டில் தாள் நெளியும். வாடைக்காற்று மாதங்களில் வடகடல் (பாக் விரிகுடா) பக்கத்து ஜன்னலையும், தெற்கத்திக் காற்று மாதங்களில் தென்கடல் (மன்னார் வளைகுடா) பக்கத்து ஜன்னலையும் ஒட்டி மேசை போடாமல் இருந்தாலே பாதி உப்பு குறையும். ஆடி முடித்ததும் மூடியுள்ள பிளாஸ்டிக் டப்பாவில் சிலிக்கா ஜெல்லுடன் வையுங்கள். நீல நிற ஜெல் வெளிர் சிவப்பானால் ஈரம் நிரம்பிவிட்டது, வாணலியில் குறைந்த தீயில் வறுத்தால் மீண்டும் நீலமாகும். அந்த வாணலியில் பிறகு சமைக்க வேண்டாம், நீல நிறத்துக்குப் போடும் கோபால்ட் நஞ்சு.