பழைய பாறைகளுக்கு வயது சொல்லும் வேலைக்கு எப்படித் தயாராவது?

ஜியாலஜி பட்டம் அடிப்படை, ஆனால் வேதியியலையும் புள்ளியியலையும் விட்டுவிடாதீர்கள், சுத்தியலோடு மலையில் திரிவதைவிட ஆய்வகத்தில்தான் அதிக நேரம் போகும்.

முதலில் சிர்கானைப் புரிந்துகொள்ளுங்கள். கிரானைட் போன்ற பாறைகளில் இருக்கும் இந்தப் பொடிப் படிகம் உருவாகும்போது யுரேனியத்தை உள்ளே விடும், ஈயத்தை அநேகமாக விடாது. ஆக இப்போது உள்ளே இருக்கும் ஈயம் பெரும்பாலும் யுரேனியம் சிதைந்து வந்ததுதான். யுரேனியம்-238இல் பாதி சிதைய சுமார் 447 கோடி ஆண்டுகள் ஆகும் என்பதால், இரண்டின் விகிதத்தை அளந்தால் வயது கிடைத்துவிடும்.

சரி, கையால் செய்ய வேண்டியது என்ன? பாறையை உடைத்துப் பொடித்து, கனமான திரவத்திலும் காந்தத்திலும் பிரித்து, அப்புறம் நுண்ணோக்கியில் படிகங்களை ஒவ்வொன்றாகப் பொறுக்க வேண்டும். ஒவ்வொரு மாதிரிக்கும் முன்னால் கருவிகளைக் கழுவியே ஆக வேண்டும், முந்தைய பாறையின் ஒரு துகள் கலந்தாலும் முடிவு கெட்டுவிடும். இந்தப் பொறுமை இல்லாதவர்களுக்கு இந்த வேலை சரிப்படாது.

மேற்கு ஆஸ்திரேலியாவின் ஜாக் ஹில்ஸில் கிடைத்த ஒரு சிர்கான் சுமார் 440 கோடி ஆண்டு பழையது, பழைய பாறைகளிலிருந்து உதிர்ந்த துகள்கள் சேர்ந்து பின்னால் உருவானதால், அது கிடந்த பாறையோ அதைவிட மிக இளையது. துகளின் வயதைப் பாறையின் வயதாக எழுதிவிடாதீர்கள்.

முனைவர் பட்டத்துக்கு, அணுக்களை எடைவாரியாகப் பிரித்து அளக்கும் மாஸ் ஸ்பெக்ட்ரோமீட்டர் கருவியை மாணவர்களே இயக்க விடும் ஆய்வகமாகப் பார்த்துச் சேருங்கள்.