நிமிஷக் கணக்கில் எக்ஸ்பி: கால் ஆஃப் டூட்டி மொபைலில் லெவல் ஏற்ற ஒரு லைன் சூப்பர்வைசரின் வழி

“முப்பது கில் அடிச்சேண்ணா” என்று யாராவது ஸ்கிரீன்ஷாட்டை நீட்டினால் நான் திருப்பிக் கேட்பது ஒன்றுதான்: “எத்தனை நிமிஷத்துல தம்பி?”

தொழில் புத்தி. திருப்பூரில் ஒரு பனியன் கம்பெனியில் லைன் சூப்பர்வைசர் வேலை எனக்கு. ஓவர்லாக் தையல் மெஷினில் தோள்பட்டை ஜாயின்ட் ஒன்று போட எத்தனை செகண்ட், அடுத்த பீஸைக் கையில் எடுக்க எத்தனை செகண்ட் என்று பகல் முழுக்க ஸ்டாப்வாட்ச்சோடு நிற்பவன், ராத்திரி போனில் கால் ஆஃப் டூட்டி மொபைல் என்ற துப்பாக்கிச் சண்டை கேமைத் திறந்தால் மட்டும் மாறிவிடுவானா? ரூமுக்கு வந்து குளித்து, சாப்பிட்டு, படுப்பதற்குள் விளையாடக் கிடைப்பது அரை மணி, மிஞ்சினால் முக்கால் மணி. காலேஜ் பையன்கள் மாதிரி விடிய விடிய உட்கார நமக்குக் கட்டாது. அந்த அரை மணியில் எக்ஸ்பி, அதாவது லெவல் ஏற வைக்கும் அனுபவப் புள்ளி, சேர்த்து லெவல் எப்படி ஏற்றுவது என்பதுதான் இங்கே விஷயம்.

முதலில் கணக்கு எங்கே தொடங்குகிறது என்று பாருங்க. மேட்ச் ஆரம்பித்த நொடியிலிருந்து இல்லை. ஸ்டார்ட் பட்டனை அமுக்கியதிலிருந்து மறுபடி லாபிக்கு, அதாவது கேமின் முகப்புக்கு வந்து விழும் வரை. ஆள் தேடும் நேரம், மேப் லோடாகும் நேரம், செத்துப்போய், நம்மைக் கொன்றதைத் திருப்பிக் காட்டும் கில்கேம் பார்க்கும் நேரம், கடைசியில் மெடல், ரேங்க் என்று வரிசையாக வரும் ஸ்கிரீன்களைத் தட்டித் தட்டி நகர்த்தும் நேரம் எல்லாம் அதில் சேர்த்தி. மெஷின் ஓடாத நேரத்துக்கும் கரண்ட் பில் உண்டு என்று எங்கள் முதலாளி சொல்வார். இரண்டு நாள் உங்கள் மேட்ச்களை இப்படி ஒரு பேப்பரில் குறித்துப் பாருங்க: மோட் (ஆட்ட வகை), மேப் (சண்டை நடக்கும் இடம்), மொத்த நிமிஷம், கிடைத்த எக்ஸ்பி. வகுத்துப் பார்த்தால் எந்த மோட் உங்களுக்குச் சோறு போடுகிறது என்று பேப்பரே சொல்லிவிடும். என் மோட் உங்களுக்கும் ஒத்துவரணும் என்று கட்டாயம் இல்லை.

இந்த எக்ஸ்பி பைத்தியத்தைக் கன்சோல், பிசி ஷூட்டர்களில் ஊர் முழுக்கப் பரப்பியது 2007 நவம்பரில் வந்த கால் ஆஃப் டூட்டி 4. மொத்தம் 55 லெவல். கன்சோலில் ஆடினால், முடித்ததும் பிரஸ்டீஜ் போட்டு மறுபடி ஒன்றிலிருந்து, அப்படிப் பத்துத் தடவை. அதில் எதிர் டீமைக் கொன்று பாயிண்ட் சேர்க்கும் டீம் டெத்மேட்ச்சில் ஒரு கில்லுக்கு 10 பாயிண்ட், சர்ச் அண்ட் டெஸ்ட்ராயில் ஒரு கில்லுக்கு 50. ஏன் ஐந்து மடங்கு? அங்கே ஒரு ரவுண்டுக்கு ஒரே உயிர். செத்தால் ரவுண்டு முடியும் வரை கை கட்டி வேடிக்கை. கில் அரிதாகக் கிடைக்கும் இடத்தில் ரேட் அதிகம், அவ்வளவுதான். 2019 அக்டோபர் 1-ல் மொபைலுக்கு வந்தபோது எண்கள் மாறின, அடிப்படை மாறவில்லை. அதனால் “இந்த மோடில் கில்லுக்கு நிறைய தர்றாங்க” என்று கேட்டதும் ஓடாதீங்க. சர்ச் அண்ட் டெஸ்ட்ராய் நல்ல ஆட்டம், நானே ஞாயிற்றுக்கிழமை ஆடுவேன். ஆனால் லெவல் ஏற்ற அதைத் தேர்ந்தெடுப்பது வீண் வேலை.

டீம் டெத்மேட்ச், அதே மாதிரி கில் கணக்கில் ஓடும் ஃப்ரன்ட்லைன் இரண்டும் ஆளைப் பொறுத்தது. எங்கள் ரூமில் ஒரு தென்காசிப் பையன் இருக்கிறான். டிஎல் க்யூ33 ஸ்னைப்பரோடு ஒரு மூலையில் படுத்துவிட்டால் எழுந்திருக்கவே மாட்டான். கே/டி, அதாவது ஒரு சாவுக்கு எத்தனை கில் என்ற கணக்கைப் பார்த்தால் கண்ணைப் பறிக்கும். எக்ஸ்பி பார்த்தால் பாவமாக இருக்கும். அப்படி நாலு பேர் இரண்டு பக்கமும் படுத்திருக்கும் டெத்மேட்ச்சில் மாட்டினால் அரை மணியில் பாதி போய்விடும்.

ஹார்ட்பாயிண்ட்: நம்ம பேட்டை

நான் அதிகம் ஆடுவது ஹார்ட்பாயிண்ட். மேப்பில் ஒரு கட்டம் விழும், உள்ளே நிற்கும் டீமுக்கு நொடிக்கு ஒரு பாயிண்ட், முதலில் 150 தொடும் டீம் ஜெயிக்கும். எக்ஸ்பிக்கு இது ஏன் தோது என்றால், எதிரியைத் தேடி அலைய வேண்டாம். பத்துப் பேருக்கும் போக வேண்டிய இடம் அந்த ஒரு கட்டம்தான். நின்றதற்கும் ஸ்கோர், நிற்கும்போது அடித்ததற்கும் ஸ்கோர்.

நிறையப் பேர் தவறாகப் புரிந்துகொண்டிருப்பது ஒன்று. உள்ளே ஒருவர் நின்றாலும் நாலு பேர் நின்றாலும் டீமுக்கு நொடிக்கு ஒன்றுதான். நாலு பேரும் உள்ளே நெருக்கிக்கொண்டு நின்றால் ஒரே ஒரு கிரனேடில் நாலு பேரும் காலி. ஒருவர் உள்ளே, மற்றவர்கள் எதிரி வரும் வழியில். அந்த உள்ளே நிற்கும் ஒருவர் நீங்களாக இருங்க. வம்பு பிடித்த வேலை, யாரும் போட்டிக்கு வர மாட்டார்கள், ஸ்கோர் முழுக்க உங்களுக்கு.

நியூக்டவுன் மேப்பை எடுத்துக்கலாம். எதிரும் புதிருமாக இரண்டு வீடு, நடு ரோட்டில் ஒரு பஸ், ஒரு லாரி. பாயிண்ட் நடுவில் விழுந்தால் புதுசாக ஆடுபவர் நேராக ரோட்டில் ஓடி, எதிர் வீட்டு மாடி ஜன்னலில் இருப்பவன் கையால் சாவார். நீங்கள் முதலில் அந்த ஜன்னலைப் பார்த்து ஒரு மொலோடோவ், அதான் பெட்ரோல் குண்டு, வீசுங்க. கில் விழணும் என்று இல்லை. நெருப்பு எரியும் வரை அவன் ஜன்னலுக்கு வர முடியாது. அந்த இடைவெளியில் பஸ்ஸை ஒட்டி உள்ளே போய், காலடியில் ட்ரோஃபி சிஸ்டத்தை வைங்க. நியூக்டவுனில் நடு ரோட்டுக்கு மழை மாதிரி கிரனேட் வரும். வருவதை அந்தப் பெட்டி வானத்திலேயே சுட்டுத் தள்ளும், ஒவ்வொன்றுக்கும் உங்கள் கணக்கில் ஸ்கோர் ஏறும். பிறகு பஸ்ஸைச் சுற்றிச் சுற்றி நகர்ந்துகொண்டே இருங்க. குனிந்து ஒரே இடத்தில் உட்கார்ந்தால் இரண்டாவது தடவை வருபவனுக்கு நீங்கள் எங்கே என்று தெரிந்திருக்கும்.

எதிரி ஒருவன் உள்ளே கால் வைத்துவிட்டால் இரண்டு டீமுக்கும் பாயிண்ட் நின்றுவிடும். டீமுக்கு நஷ்டம்தான். ஆனால் உள்ளே வந்தவனை அடிப்பதைவிட லாபமான கில் இந்த மோடில் இல்லை, பயப்படாதீங்க.

அடுத்து இடம் மாறுவது. கட்டம் ஒவ்வொரு மேப்பிலும் ஒரு நிலையான வரிசையில்தான் நகரும். அடிக்கடி ஆடும் நாலு மேப்பின் வரிசையை மனப்பாடம் பண்ணினால் போதும், பாதி மேட்ச் கையில். நேரம் முடிய பத்து செகண்ட் இருக்கும்போதே பழைய இடத்தை விட்டுக் கிளம்புங்க. அங்கே மிச்சமிருக்கும் பத்து பாயிண்டுக்காகச் சண்டை போட்டுச் சாவதைவிட, புது இடத்தில் முதல் ஆளாக நின்று, அலறியடித்து ஓடி வருபவர்களை வரிசையாக வரவேற்பது எவ்வளவோ மேல்.

மற்ற மோட்கள்

டாமினேஷன் எனக்கு இரண்டாம் இடம். ஏ, பி, சி என்று மூன்று கொடி. ஆரம்பத்தில் எல்லாரும் பி-யைப் பார்த்து ஓடுவார்கள். வீட்டுக் கொடியைப் பிடிக்க ஒருவர் நின்றே ஆகணும், அது நீங்களாக இருந்தால் ஒரு கேப்சர் உறுதி. முடித்துவிட்டு பி-க்குப் போனால் பெரும்பாலும் அப்போதுதான் அங்கே இரண்டாவது சண்டை சூடு பிடித்திருக்கும். ஜெயிக்கணும் என்றால் இரண்டு கொடியைப் பிடித்துக்கொண்டு மூன்றாவதைத் தொடாமல் இருப்பதுதான் கெட்டிக்காரத்தனம். மூன்றாவதையும் எடுக்கப் போனால் எதிரி வந்து முளைக்கும் இடம் மாறி, உங்கள் முதுகுக்குப் பின்னால் நிற்பான். எக்ஸ்பி வேட்டைக்காரனுக்கோ கொடி கைமாறிக்கொண்டே இருந்தால்தான் சம்பாத்தியம். இது டீமுக்குச் செய்யும் துரோகமா என்று கேட்டால், கொஞ்சம் அப்படித்தான். ரேங்க் ஏறி இறங்கும் ரேங்க்ட் மேட்ச்சில் அதைச் செய்யாதீங்க, கூட ஆடுபவர்கள் வீட்டுப் பெரியவர்களை எல்லாம் விசாரிப்பார்கள்.

கில் கன்ஃபர்ம்ட் என்றால், குறி பார்க்கத் தடுமாறுபவர்களுக்கு என் சிபாரிசு இதுதான். டீமில் வேகமாக முன்னால் பாயும் ஒருவனைப் பிடித்து அவன் பின்னால் ஓடுங்க. அவன் அடிப்பான், செத்தவனிடமிருந்து விழும் டேகை நீங்கள் பொறுக்குங்க, அதை எடுத்தால்தான் டீமுக்குப் பாயிண்ட். நம்மாள் ஒருவன் விழுந்தால் அவன் டேகையும் எடுத்து எதிரிக்குக் கிடைக்காமல் செய்யலாம், அதற்கும் ஸ்கோர் உண்டு.

மேப் விஷயத்தில் நீண்ட பேச்சு வேண்டாம்: சின்ன மேப். ஷிப்மென்ட் பிளேலிஸ்ட்டில் இருக்கும் வாரம் வேறு எதையும் தொடாதீங்க. பெட்டிக்கும் பெட்டிக்கும் நடுவே முளைத்த நொடியில் சண்டை. அங்கே போகும்போது மட்டும் வெடிகுண்டு அடியைக் குறைக்கும் ஃப்ளாக் ஜாக்கெட் பெர்க் (கூடுதல் திறமை) போட்டுக்கொண்டு போங்க, இல்லையென்றால் கிரனேடிலேயே பாதி ஆயுள் போய்விடும். குண்டு தீர்ந்து தீர்ந்து கத்தியோடு நிற்பவர்களுக்கு வல்ச்சர் பெர்க். விழுந்தவனிடமிருந்தே குண்டு எடுத்துக்கொள்ளலாம்.

இரண்டாவது ஆயுதமாக பிஸ்டல் வைத்திருப்பவர்கள் ஒரு வாரம் எஃப்ஹெச்ஜே-18 ராக்கெட் லாஞ்சரை வைத்துப் பாருங்க. எதிரி டீம் நம் இருப்பிடத்தைக் காட்டிக்கொடுக்கும் உளவு விமானமான யுஏவி விட்டதும் வானத்தைப் பார்த்து லாக் செய்து அடித்தால் ஸ்கோர். யாரும் சுட மாட்டார்கள் என்ற தைரியத்தில்தான் எல்லாரும் யுஏவி விடுகிறார்கள்.

துப்பாக்கி லெவல்

இது தனிக் கணக்கு. 2020 ஆகஸ்டில் துப்பாக்கியை நம் இஷ்டப்படி மாற்றும் கன்ஸ்மித் வந்ததிலிருந்து ஒன்பது இடத்தில் ஐந்து அட்டாச்மென்ட் (கூடுதல் பாகம்) மாட்டலாம், அவற்றைத் திறக்க அந்தந்தத் துப்பாக்கியின் லெவல் ஏறணும். ஸ்கோர் சேர்ந்ததும் கிடைக்கும் ஸ்கோர்ஸ்ட்ரீக்கில் ஏவுகணை விட்டு எத்தனை பேரைச் சாய்த்தாலும் கையில் இருக்கும் துப்பாக்கிக்கு அதனால் பிரயோஜனம் இல்லை. துப்பாக்கி ஏற்றும் நாளில் துப்பாக்கியால் அடிங்க.

புதுத் துப்பாக்கி முதல் சில லெவலில் மொட்டையாக இருக்கும், குறி எடுப்பதற்குள் நாம் செத்திருப்போம். துப்பாக்கி லெவலை ஏற்றித் தரும் வெப்பன் எக்ஸ்பி கார்டைச் செலவழிக்க வேண்டிய இடம் அதுதான். பையன்கள் கார்டைச் சேர்த்துச் சேர்த்து வைத்து, ஏற்கனவே நன்றாக ஓடும் ஏகே117-ஐக் கடைசி லெவலுக்குத் தள்ளுவார்கள். அது நீங்கள் ஆடினாலே ஏறிவிடும். நோ ஸ்டாக், ஓடபிள்யூசி டாக்டிகல் லேசர், கிரானுலேட்டட் கிரிப் டேப் இந்த மூன்று அட்டாச்மென்ட்டும் திறக்கும் வரை கார்டு போடுங்க, அதன் பிறகு துப்பாக்கி தன் காலில் நிற்கும். பிஒய்15 மாதிரி ஷாட்கன் ஏற்றணும் என்றால் ஷிப்மென்ட் வரும் வரை காத்திருங்க. பெரிய மேப்பில் ஷாட்கனோடு ஓடுவது வாக்கிங் போவதற்குச் சமம்.

மிஷனைப் படிக்காமல் மேட்ச் தொடங்குவதுதான் எனக்குத் தாங்காத பழக்கம். அன்றைய மிஷனையும் சீசன் சேலஞ்சையும் முதலில் திறந்து பாருங்க. ஒன்றில் எஸ்எம்ஜி என்ற சின்ன மெஷின்கன் வகையால் கில், இன்னொன்றில் ஒரு குறிப்பிட்ட பெர்க்கோடு கில், மூன்றாவதில் ஹார்ட்பாயிண்ட் மேட்ச் என்று இருந்தால் மூன்றையும் ஒரே லோட்அவுட்டில் (துப்பாக்கி, பெர்க் எல்லாம் சேர்ந்த செட்) கட்டி ஒரே மேட்ச்சில் முடிக்கலாம். சீசன் பரிசு வரிசையான பேட்டில் பாஸின் 50 அடுக்கும் இப்படித்தான் சத்தமில்லாமல் ஏறும். டபுள் எக்ஸ்பி அறிவிப்பு வரும் வார இறுதிக்காக ஏற்ற வேண்டிய துப்பாக்கிகளை ஒரு வரிசையாக எழுதி வைங்க. அன்றைக்கு உட்கார்ந்து யோசித்தால் நேரம் போய்விடும்.

எக்ஸ்பி ஏற்றித் தருகிறேன், இந்த ஏபிகே-வை (வெளியிலிருந்து இறக்கும் ஆப் ஃபைல்) போடு, இந்தப் பக்கத்தில் லாகின் பண்ணு என்று வரும் எதையும் தொடாதீங்க. அக்கவுண்ட் பறிபோகும், இல்லையென்றால் பேன் விழும். ஆடாமல் ஓரமாக நிறுத்தி வைத்து எக்ஸ்பி வாங்கும் வித்தையும் அதே ரகம்.

போன் சூடானால் ஃபிரேம் விழும், அதாவது படம் திக்கித் திக்கி ஓடும், ஃபிரேம் விழுந்தால் குறி தப்பும். கிராபிக்ஸைக் குறைத்து ஃபிரேம் ரேட்டை ஏற்றி வைங்க, பேக் கவரைக் கழற்றுங்க, சார்ஜரைப் பிடுங்கிவிட்டு ஆடுங்க. ரூம் வைஃபையில் யாராவது படம் டவுன்லோட் போட்டிருந்தால் மொபைல் டேட்டாவுக்கு மாறிக்கொள்ளுங்க. தூங்கப் போக எட்டு நிமிஷம்தான் பாக்கி என்றால் புதுசாக டாமினேஷன் தொடங்க வேண்டாம். பாதியில் வெளியேறினால் மேட்ச் முடித்ததற்கான எக்ஸ்பி கிடைக்காது. சின்ன மேப்பில் ஒரு கில் கன்ஃபர்ம்ட் போடுங்க, அதற்கும் நேரமில்லை என்றால் லோட்அவுட்டை மட்டும் நாளைய மிஷனுக்குத் தக்கபடி மாற்றி வைத்துவிட்டுப் படுங்க.